அதிர்ஷ்டம் என்று ஒரு செலக்டர்

உங்களுக்கு ஒரு சின்னக் கேள்வி. செல்போனைத் தட்டிப் பார்க்கக்கூடாது. பக்கத்தில் கிரிக்கெட் பைத்தியம் யாராவது இருந்தால் கேட்டுக்கொள்ளலாம். அனேகமாக அவருக்கும் தெரிந்திருக்காது.

ரஞ்சி டிராஃபி ஆட்டங்களில் மிக அதிகமாக விக்கெட் எடுத்தவர் யார்?

கும்ப்ளேயா? இல்லை. கபில்தேவா? இல்லை. நம்ம வெங்கட்ராகவனா? கிட்டே வந்துவிட்டீர்கள். அவர் 530 விக்கெட்டுடன் இரண்டாவது இடம். முதல் இடத்தில் இருப்பவர் எடுத்தது 637. நூறுக்கு மேல் வித்தியாசம். அவர் ஆட்டத்தை நிறுத்தி நாற்பது வருடமாகிறது. இன்னும் யாரும் அந்த எண்ணைத் தொடவில்லை.

பெயர் ராஜிந்தர் கோயல். 1942ல் நர்வானாவில் பிறந்தவர். அன்றைக்கு அது பஞ்சாப், இன்றைக்கு ஹரியானா. இடது கை சுழற்பந்துக்காரர். 1958-59 சீசனில், பதினாறு வயதில் முதல்தர கிரிக்கெட்டுக்கு வந்தார். கடைசியாக ஆடியது 1984-85ல். நடுவில் தெற்கு பஞ்சாப், தில்லி, ஹரியானா என்று டீம்கள் மாறின. பந்து மட்டும் மாறவில்லை. மொத்தம் 157 முதல்தர ஆட்டங்களில் 750 விக்கெட். ஒரு விக்கெட்டுக்குக் கொடுத்த ரன் சராசரி 18.58. ஒரு இன்னிங்ஸில் ஐந்து அல்லது அதற்கு மேல் விக்கெட் எடுத்தது 59 தடவை. ஒரே மேட்சில் பத்துக்கு மேல் எடுத்தது 18 தடவை.

இந்தியாவுக்காக ஆடிய டெஸ்ட் மேட்ச்? பூஜ்யம்.

1964-65ல் சிலோன் டீம் வந்தபோது அகமதாபாத்தில் ஒரு மேட்ச் ஆடினார். சிலோனுக்கு அப்போது டெஸ்ட் அந்தஸ்து கிடையாது. அதனால் அது கணக்கில் வராது.

2020 ஜூன் 21ஆம் தேதி ரோத்தக்கில், 77 வயதில் கோயல் இறந்துபோனார். ஊரே கொரோனாவில் முடங்கிக் கிடந்த நேரம். பத்திரிகைகளில் மறுநாள் வந்த இரங்கல் குறிப்புகளில் ஒரே வாக்கியத்தைத்தான் வேறு வேறு மாதிரி எழுதியிருந்தார்கள். ‘பாவம், அதிர்ஷ்டம் இல்லாதவர். பேடி காலத்தில் பிறந்துவிட்டார்.’ 2025 மார்ச் 3 அன்று மும்பையின் பத்மாகர் ஷிவால்கர் காலமானார். அவரும் இடது கை ஸ்பின்னர்தான், 589 முதல்தர விக்கெட், டெஸ்ட் பூஜ்யம். மறுபடியும் அதே வாக்கியம். பேரை மட்டும் மாற்றினார்கள்.

என் சண்டை இந்த வாக்கியத்தோடுதான்.

பிஷன் சிங் பேடியைக் குறைத்துப் பேச எனக்குப் பைத்தியமா பிடித்திருக்கிறது? 67 டெஸ்ட், 266 விக்கெட். ஒரே ஒருவரைத்தான் எடுக்க முடியும் என்று சொல்லி, என் கையில் சீட்டைக் கொடுத்திருந்தால் நானும் பேடி பெயரைத்தான் எழுதியிருப்பேன். ஆனால் ‘ஒரே ஒருவர்’ என்ற சட்டம் எங்கே எழுதியிருக்கிறது? ஒரு டீமில் இரண்டு இடது கை ஸ்பின்னர்கள் ஆடக்கூடாது என்று ஐ.சி.சி. தடை போட்டிருக்கிறதா?

1961-62ல் இங்கிலாந்து டீம் வந்தபோது சலீம் துரானியும் பாபு நாட்கர்னியும் சேர்ந்து ஆடினார்கள். இரண்டு பேரும் இடது கை. அந்தத் தொடரை ஜெயித்தோம். 1968ல் நியூசிலாந்தில் நாட்கர்னியும் பேடியும் சேர்ந்து ஆடினார்கள். இந்தியா முதல் தடவையாக வெளிநாட்டில் தொடரை ஜெயித்தது அங்கேதான். 1971ல் போர்ட் ஆஃப் ஸ்பெயினில் வெஸ்ட் இண்டீஸை முதல் தடவையாகத் தோற்கடித்தோமே, அந்த மேட்சில் பேடியும் துரானியும் இருந்தார்கள். லாயிடையும் சோபர்ஸையும் துரானி கழற்றினார். அப்புறம் 1981-82ல் தோஷியும் ரவி சாஸ்திரியும். 2023ல் ஜடேஜாவும் அக்‌ஷர் படேலும். இந்த மேட்ச் எதிலும் ஸ்டேடியம் இடிந்து விழுந்ததாகத் தகவல் இல்லை.

‘அவங்கள்லாம் பேட்டிங் தெரிஞ்சவங்க சார், கோயலுக்கு பேட்டைப் பிடிக்கத் தெரியாது’ என்று ஒரு குரல் கேட்கிறது. நியாயமான குரல்தான். நாட்கர்னி, துரானி, சாஸ்திரி, ஜடேஜா எல்லோரும் ஆல்ரவுண்டர்கள். ஆனால் பேட்டிங் தெரியாதவருக்கு டெஸ்ட் டீமில் இடமில்லை என்றால் நம் பி.எஸ். சந்திரசேகரை எந்தக் கணக்கில் 58 டெஸ்ட் ஆடவிட்டோம்? அவர் எடுத்த டெஸ்ட் விக்கெட் 242. அடித்த ரன் 167. ரன்னைவிட விக்கெட் அதிகம். அதற்காக யாரும் அவரை வீட்டுக்கு அனுப்பவில்லை. அனுப்பாதது ரொம்பச் சரி.

சரி, இப்போது பெங்களூருக்கு வாருங்கள். 1974 நவம்பர். சின்னசாமி ஸ்டேடியத்தில் முதல் டெஸ்ட். எதிரே கிளைவ் லாயிடின் வெஸ்ட் இண்டீஸ். கார்டன் கிரீனிட்ஜ், விவியன் ரிச்சர்ட்ஸ் என்று இரண்டு பையன்களுக்கு அதுதான் முதல் டெஸ்ட்.

அந்த மேட்சில் பேடி இல்லை. காயமில்லை, காய்ச்சலில்லை. அந்த வருடம் இங்கிலாந்து டூரில் டி.வி.க்குப் பேட்டி கொடுத்ததற்காக வாரியம் அவரை ஒழுங்கு நடவடிக்கை என்று சொல்லி உட்கார வைத்துவிட்டது. ஆக, ஏறக்குறைய எட்டு வருடமாகச் சொல்லிக்கொண்டிருந்த காரணம் அன்றைக்கு இல்லை. கோயலைக் கூப்பிட்டார்கள். வந்தார். 32 வயது, ஸ்பின்னருக்கு அதுதான் நல்ல வயது.

டாஸ் போடும்போது பார்த்தால் கோயல் பன்னிரண்டாவது ஆள். கூல் டிரிங்க்ஸ் கொண்டுபோகிற வேலை.

ஆடும் பதினோரு பேரில் யார் யார் ஸ்பின்னர்கள் என்று பாருங்கள். பிரசன்னா, வெங்கட்ராகவன், சந்திரசேகர். முதல் இரண்டு பேரும் ஆஃப் ஸ்பின்னர்கள். அதாவது, ஒரே ரகத்தில் இரண்டு பேர்! இடது கை ஸ்பின்னர் என்றால் ‘ஒரே ரகத்தில் ரெண்டு எதுக்கு’ என்று கேட்கிறவர்கள், ஆஃப் ஸ்பின்னர் என்றால் கேட்பதில்லை.

இதற்கும் ஒரு பதில் இருக்கிறது. வெஸ்ட் இண்டீஸில் ஃப்ரெடரிக்ஸ், காளிச்சரண், லாயிட் என்று மூன்று இடது கை ஆட்டக்காரர்கள். இடது கைக்காரருக்கு ஆஃப் ஸ்பின் வெளியே போகும், இடது கை ஸ்பின் உள்ளே வரும். அதனால் ஆஃப் ஸ்பின்னர்தான் ஆபத்து என்பது கிரிக்கெட் பாடம். பாடம் சரி. பரீட்சை ரிசல்ட் என்ன தெரியுமா? காளிச்சரண் 124. லாயிட் 163. வலது கை கிரீனிட்ஜ் 93, 107. இந்தியா 267 ரன்னில் தோற்றது. கோயல் ஆடியிருந்தால் ஜெயித்திருப்போம் என்று நான் சொல்லவில்லை. இதைவிட மோசமாக என்ன ஆகியிருக்கும் என்றுதான் கேட்கிறேன்.

அடுத்த டெஸ்ட் தில்லியில். பேடிக்குத் தண்டனை முடிந்தது. கோயல் போன இடம் தெரியவில்லை.

அந்த சீசனின் தேர்வு எவ்வளவு அழகு என்பதற்கு நம் ஊர் சாட்சியே ஒன்று உண்டு. அதே தில்லி டெஸ்டில், பட்டோடியும் கவாஸ்கரும் ஆட முடியாமல்போக, கேப்டன் பொறுப்பு வெங்கட்ராகவனுக்கு வந்தது. அதற்கடுத்த கல்கத்தா டெஸ்டில் அவர் என்ன ஆனார் தெரியுமா? பன்னிரண்டாவது ஆள். போன மேட்ச் கேப்டன், இந்த மேட்சில் தண்ணி கொண்டுபோகிறார்! இதையும் அதிர்ஷ்டத்தின் கணக்கில் எழுதிவிடலாமா?

1967 முதல் 1979 வரை இந்திய டீம் இங்கிலாந்து, ஆஸ்திரேலியா, நியூசிலாந்து, வெஸ்ட் இண்டீஸ், பாகிஸ்தான் என்று டெஸ்ட் டூர் போய்க்கொண்டே இருந்தது. ஒவ்வொரு டூருக்கும் பதினைந்து, பதினாறு பேர். ஒரு தடவை, ஒரே ஒரு தடவை, மூட்டை தூக்கவாவது கோயலைக் கூட்டிப்போயிருக்கலாம். போகவில்லை. 1979ல் பேடியின் டெஸ்ட் வாழ்க்கை முடிந்தது. அந்த இடம் திலீப் தோஷிக்குப் போனது. அவருக்கே அப்போது 31 வயது; 33 டெஸ்டில் 114 விக்கெட் எடுத்து, காத்திருந்தவனும் சாதிப்பான் என்று காட்டினார். கோயலுக்கு 37. ‘பேடி இருக்கார்’ என்று நேற்று வரை சொன்னவர்கள், இன்று காலையிலிருந்து ‘வயசாயிடுச்சு’ என்றார்கள். வயசான அந்த மனிதர் அதற்கப்புறமும் ஐந்தாறு சீசன் ரஞ்சி ஆடினார்.

அன்றைக்குத் தேர்வுக்குழு என்பது ஐந்து மண்டலத்துக்கு ஐந்து பேர். ஒவ்வொருவர் பாக்கெட்டிலும் அவரவர் மண்டலத்தின் லிஸ்ட் இருக்கும். எடுத்தவரை ஏன் எடுத்தோம், விட்டவரை ஏன் விட்டோம் என்று யாரும் யாருக்கும் விளக்கம் சொல்ல வேண்டியதில்லை. அந்த மௌனத்துக்கு நாம் வைத்த செல்லப்பேர்தான் அதிர்ஷ்டம். ஐந்து பேர் ரூமுக்குள் உட்கார்ந்து டீ குடித்துக்கொண்டே எடுத்த முடிவை, ஆறாவதாக ஒரு செலக்டர் மேலே உட்கார்ந்து எடுத்த மாதிரி எழுதுகிறோம். அந்த ஐந்து பேருக்கும் இது ரொம்ப வசதி.

ஆனால் எனக்கு இதைவிடப் பெரிய வருத்தம் வேறு.

கோயலின் கதையை எழுதுகிற எல்லோரும் அதைச் சோகக் கதையாகவே எழுதுகிறார்கள். இருபத்தேழு சீசன் ஒருவர் தன் தொழிலைத் தலைசிறந்து செய்திருக்கிறார். நாட்டில் அவரைவிட அதிகமாக யாரும் செய்ததில்லை. அதற்குப் பெயர் சோகமா? உங்கள் ஊர்ப் பள்ளிக்கூடத்தில் முப்பது வருடம் கணக்கு வாத்தியாராக இருந்து, ஆயிரம் பிள்ளைகளைக் கரையேற்றியவரை, ‘பாவம், கலெக்டர் ஆகவில்லை’ என்பீர்களா? இந்தியத் தொப்பி போடவில்லை என்றால் போட்ட பந்தெல்லாம் வீண் என்று நினைக்கிற புத்தி நமக்கு எங்கிருந்து வந்தது?

அந்தப் பந்துகள் எங்கே போயின என்று கொஞ்சம் யோசியுங்கள். கோயலின் பந்து காற்றில் மிதந்து வராது. தட்டையாக, வேகமாக, ஒரே இடத்தில் வந்து விழும். இறங்கி வந்து அடிக்கலாம் என்றால் பந்து அதற்குள் முன்னாலேயே வந்துவிடும். பின்னால் போய் ஆடலாம் என்றால் நேரம் இருக்காது. மூன்று நாள் ஆட்டங்கள், கேமரா இல்லை, கூட்டமில்லை. அந்த மைதானங்களில்தான் அன்றைய வடக்கு மண்டல ஆட்டக்காரர்கள் எல்லோரும் இவரை ஆடி ஆடி ஸ்பின்னைச் சமாளிக்கக் கற்றார்கள். உள்ளூரில் கோயலை ஆடிப் பழகியவனுக்கு வெளிநாட்டு ஸ்பின்னர் எம்மாத்திரம்? 1975ல் கபில்தேவ் என்ற பதினாறு வயதுப் பையன் ஹரியானா டீமுக்குள் வந்தபோது, அந்த டீமின் பந்துவீச்சைத் தோளில் சுமந்துகொண்டிருந்தவர் கோயல்தான். சுனில் கவாஸ்கர் 1983ல் ‘ஐடல்ஸ்’ என்று ஒரு புத்தகம் எழுதினார். தான் மதிக்கும் ஆட்டக்காரர்களைப் பற்றியது. உலகப் புகழ் பெற்ற பெயர்களுக்கு நடுவே டெஸ்ட் ஆடாத இரண்டு பேரையும் சேர்த்தார். ஒருவர் கோயல், இன்னொருவர் ஷிவால்கர். அவர்களின் அருமை எதிரே நின்று ஆடியவருக்குத் தெரிந்திருக்கிறது. ரூமுக்குள் உட்கார்ந்தவர்களுக்குத் தெரியவில்லை.

ஷிவால்கரின் அருமை நம் சென்னைக்கும் தெரியும். தெரியும் என்ன, வலித்த கதை அது! 1972-73 சீசனின் ரஞ்சி ஃபைனல் சேப்பாக்கத்தில். நம்மிடம் வெங்கட்ராகவனும் வி.வி. குமாரும் இருக்கிறார்கள் என்ற தைரியத்தில், சுழலுக்கு ஏற்ற பிட்ச். பம்பாயை 151க்கும் 113க்கும் சுருட்டியும்விட்டோம். ஆனால் அதே பிட்சில் ஷிவால்கர் 16 ரன்னுக்கு 8 விக்கெட், 18 ரன்னுக்கு 5 விக்கெட். தமிழ்நாடு 80, 61. மூன்றாம் நாள் முதல் பந்தோடு மேட்ச் முடிந்துபோனது. (வி.வி. குமாரின் கதையும் தனியாக எழுத வேண்டியது. முதல் டெஸ்டில், முதல் இன்னிங்ஸிலேயே பாகிஸ்தானின் ஐந்து விக்கெட்டை எடுத்த மனிதருக்கு, வாழ்நாளில் கிடைத்தது மொத்தம் இரண்டு டெஸ்ட்.)

இப்போது பணத்துக்கு வருவோம். வராமல் இருந்தால் இதெல்லாம் பழைய கதை என்று நீங்கள் பக்கத்தைப் புரட்டிவிடுவீர்கள்.

2017 மார்ச்சில் பெங்களூரில் விழா எடுத்து, கோயலுக்கும் ஷிவால்கருக்கும் சி.கே. நாயுடு வாழ்நாள் சாதனையாளர் விருது கொடுத்தார்கள். கோயலுக்கு அப்போது வயது 74. ஆட்டத்தை நிறுத்தி முப்பத்திரண்டு வருடம். கைதட்டினோம். சந்தோஷம்தான். ஆனால் விருது வாங்காத நூற்றுக்கணக்கான பழைய ரஞ்சி ஆட்டக்காரர்கள்?

2022 ஜூன் 13ஆம் தேதி வாரியம் ஒரு நல்ல செய்தி சொன்னது. முன்னாள் ஆட்டக்காரர்களுக்கும் அம்பயர்களுக்கும் பென்ஷன் உயர்வு. மாதம் 15,000 ரூபாய் வாங்கிக்கொண்டிருந்த முதல்தர ஆட்டக்காரர்களுக்கு இனி 30,000. டெஸ்ட் ஆடியவர்களில் 37,500 வாங்கியவர்களுக்கு 60,000. 50,000 வாங்கியவர்களுக்கு 70,000. சுமார் 900 பேருக்குப் பலன். இரட்டிப்பு ஆக்கியிருக்கிறார்களே, பாராட்ட வேண்டாமா? பாராட்டுகிறேன்.

ஆனால் அந்த அறிவிப்பு வந்த அதே நாட்களில் வேறொரு ஏலம் நடந்துகொண்டிருந்தது. 2023 முதல் 2027 வரையிலான ஐ.பி.எல். ஒளிபரப்பு உரிமை. விலை 48,390 கோடி ரூபாய். ஏலத்தில் போட்ட கணக்கு 410 மேட்ச். ஒரு மேட்சுக்கு 118 கோடி. ஒரு மேட்சில் 240 பந்து. ஆக, ஒரு பந்தின் விலை சுமார் 49 லட்சம்.

30,000 ரூபாய் பென்ஷன் என்றால் வருடத்துக்கு 3,60,000. ஐ.பி.எல்.லில் ஒரே ஒரு பந்து விழுகிற நேரத்தில் வருகிற பணத்தை வைத்து, ஒரு பழைய ரஞ்சி ஆட்டக்காரருக்குப் பதின்மூன்று வருடம் பென்ஷன் கொடுக்கலாம். அந்தப் பந்தை பேட்ஸ்மேன் தொடாமல் விட்டால்கூட.

‘இன்னைக்கு ரஞ்சி ஆடறவங்க நல்லா சம்பாதிக்கறாங்க சார்’ என்பீர்கள். பழைய நாளோடு ஒப்பிட்டால் உண்மை. 2021ல் உயர்த்தியதன்படி நாற்பது மேட்சுக்கு மேல் ஆடிய அனுபவசாலிக்கு ஒரு நாளைக்கு 60,000 ரூபாய். 2024-25 ரஞ்சியில் ஒரு டீமுக்கு ஏழு லீக் ஆட்டம். எல்லாவற்றையும் ஆடினால் இருபத்தெட்டு நாள், 16,80,000 ரூபாய். நடுவில் முதுகு பிடித்துக்கொண்டால் அதுவும் குறையும். வாரியத்தின் வருடாந்திர ஒப்பந்தம் இந்தியாவுக்கு ஆடுகிறவர்களுக்குத்தான். அதே சமயம் 2025 ஐ.பி.எல். ஏலத்தில் ஒரு புதுப்பையனின் ஆரம்ப விலையே 30 லட்சம். டீமில் எடுத்தவர்கள் அவனை ஒரு மேட்ச்கூட ஆடவிடாமல் பெஞ்சில் உட்கார வைத்தாலும் 30 லட்சம். நாலு நாள் வெயிலில் ஐம்பது ஓவர் போடுகிற வேலைக்கு எந்தப் பையன் இனி வருவான், சொல்லுங்கள்.

கொரோனா வந்தபோது யாருக்கு என்ன மரியாதை என்பது பளிச்சென்று தெரிந்துவிட்டது. 2020 செப்டம்பரில் ஐ.பி.எல்.லுக்காக டீம் டீமாக விமானம் ஏற்றி, அமீரகத்துக்குக் கூட்டிப்போய் மேட்ச் நடத்த முடிந்தது. 2020-21 ரஞ்சி சீசனை மட்டும் நடத்த முடியவில்லை. 1934ல் ஆரம்பித்த போட்டி உலகப்போர் நடந்தபோதுகூட நின்றதில்லை. அந்த வருடம்தான் முதல் தடவையாக நின்றது. அதை நம்பியே பிழைக்கிற ஆட்டக்காரர்களுக்கு நஷ்டஈடாகப் பாதிச் சம்பளம் என்று அறிவிப்பு வந்தது 2021 செப்டம்பரில். அதுவரை அவர்கள் வீட்டு வாடகையை யார் கொடுத்தார்கள்?

நான் ஒன்றும் ஐ.பி.எல். எதிரி இல்லை. ராத்திரி எட்டு மணிக்கு நானும்தான் டி.வி. முன்னால் உட்காருகிறேன். என் யோசனை ரொம்பச் சின்னது. ஒரு மேட்சுக்கு ஒரு பந்து. 240ல் ஒன்றே ஒன்று. அந்த ஒரு பந்தின் ஒளிபரப்புப் பணத்தை மட்டும் பென்ஷனுக்கு எடுத்து வையுங்கள். 410 மேட்ச், 410 பந்து, ஐந்து வருடத்துக்குச் சுமார் 200 கோடி. வருடத்துக்கு 40 கோடி. 900 பேருக்குப் பிரித்தால், இப்போது வாங்குவதற்கு மேல் ஆளுக்கு மாதம் 37,000 ரூபாய். டீம் முதலாளிகளுக்கும் பங்கு போகிறதே என்று வாரியம் சொன்னால், முதலாளிகளும் பாதிப் பந்து தரட்டும்.

எந்தப் பந்து என்பதை மட்டும் செலக்டர்களே தேர்வு செய்துகொள்ளலாம்.